கணக்கெழுத மறுத்தவர்கள்: 1429ஆம் ஆண்டுக் கல்வெட்டுகளும் கொடுங்கோன்மை பற்றிய தமிழ்ச் சிந்தனையும்

கொடுங்கோல் என்ற சொல்லுக்குள்ளேயே ஒரு தீர்ப்பு இருக்கிறது. வளைந்தது கோல், பிடித்திருப்பவன் அரசன், எனவே நிமிர்த்த வேண்டியவனும் அவனே. நம் இலக்கியம் பெரும்பாலும் இந்தத் தீர்ப்பின் வழியேதான் சென்றது. வரி கேட்கும் வேந்தனை வேலேந்தி வழிப்பறி செய்பவனோடு ஒப்பிட்ட வள்ளுவர், ‘கொடுங்கோன்மை’ அதிகாரத்தில் பேசுவது மன்னனை நோக்கி. வயலுக்குள் யானையைத் தானே புகுந்து மேயவிட்டால் உண்பதைவிட மிதித்து அழிப்பது மிகுதி என்று பிசிராந்தையார் சொன்னதும் பாண்டியன் அறிவுடைநம்பியிடம். கண்ணகியின் வழக்கில்கூட நீதி வந்து சேர்வது நெடுஞ்செழியன் தன் பிழையை உணர்ந்து உயிர்விடும் கணத்தில்தான். இவை எல்லாவற்றிலும் அறத்தின் கடைசி மேடை அரசனின் நெஞ்சு. குடிகள் அழலாம், இடித்துரைக்கலாம், சபிக்கலாம். தமக்குள் கூடிப் பேசி முடிவெடுக்கும் காட்சி அரிது.

அந்தக் காட்சி கல்வெட்டில் கிடைக்கிறது. 1429இல், இரண்டாம் தேவராயன் விஜயநகரத்தில் ஆண்ட காலத்தில், விருத்தாசலம், கீழப்பழுவூர், ஆடுதுறை, கொறுக்கை ஆகிய ஊர்க் கோயில்களில் வலங்கை தொண்ணூற்றெட்டு, இடங்கை தொண்ணூற்றெட்டு எனப்பட்ட இரு சாதிக் கூட்டமைப்புகள் சேர்ந்து எடுத்த முடிவுகள் பொறிக்கப்பட்டன. வரலாற்றாய்வாளர்கள் நொபோரு கராஷிமாவும் எ. சுப்பராயலுவும் இவற்றைச் சேர்த்துப் படித்து, 15ஆம் நூற்றாண்டுச் சமூக மோதலின் சான்றுகளாக முன்வைத்தனர். அவர்கள் காட்டிய வழியில் நின்றுகொண்டு, அரசியல் சிந்தனையின் வரலாற்றிலும் இக்கல்வெட்டுகளுக்கு இடம் உண்டு என்பதை இங்கே நிறுவ முயல்கிறேன். புலவர்கள் அரசனிடம் பேசினார்கள். இவர்கள் ஒருவரோடொருவர் பேசினார்கள். கொடுங்கோன்மை எதனால் நிற்கிறது என்ற கேள்விக்கு அதனாலேயே வேறு விடை கண்டார்கள்.

விருத்தாசலக் கல்வெட்டின் சாரம் இது. அரசு அதிகாரிகளும், பணிக்கு ஈடாக நில வருவாய் பெற்ற சீவிதக்காரரும் குடிகளை வருத்துகிறார்கள். நிலவுரிமை கொண்ட காணியாளரும் பிராமணரும் தாங்களும் இராசகரம், அதாவது அரச வரி, என்று தண்டுகிறார்கள். ஆகவே இவர்களுக்கு நம்மில் யாரும் புகலிடம் தரக் கூடாது. இவர்களுக்காகக் கணக்கெழுதக் கூடாது. இவர்கள் சொல்வதற்கு உடன்படக் கூடாது. மீறுபவன் நாட்டுக்குத் துரோகி. அவன் குத்திக் கொல்லப்பட வேண்டும்.

இதில் கணக்கெழுதக் கூடாது என்ற விதியிடம் நான் மீண்டும் மீண்டும் வந்து நிற்கிறேன். தொலைவிலிருந்து வந்த அதிகாரிக்கு எந்த வயல் யாருடையது, எது நன்செய், எது தரிசு, எந்த வீட்டில் எத்தனை தறி என்பதெல்லாம் தெரியாது. ஊர்க் கணக்கனின் ஓலைதான் அவனுக்குக் கண். அளவுகோலின் நீளம் குறைந்தால் அதே நிலம் கணக்கில் பெருகும், வரியும் பெருகும். கோயில் சுவர்களில் கோலின் நீளத்தைக் கோடிட்டு வெட்டிவைத்த வழக்கத்தின் பின்னால் அந்த அச்சமும் இருந்திருக்க வேண்டும். குதிரைப்படை ஊரைக் கொளுத்தலாம். ஆண்டுதோறும் வரி தண்ட அதனால் முடியாது. எழுத்தாணி பிடிக்க ஒருவன், தங்க ஒரு திண்ணை, தலையாட்ட நான்கு பேர் வேண்டும். இந்த மூன்றையும்தான் அவர்கள் விலக்கினார்கள்.

ஏறத்தாழ 120 ஆண்டுகளுக்குப் பின் பிரான்ஸில் எத்தியென் த லா போயெசி என்ற இளைஞர், கொடுங்கோலனின் வலிமை ஆளப்படுவோர் அவனுக்குக் கடன் கொடுத்தது என்றும், கொடுப்பதை நிறுத்தினால் அவன் விழுவான் என்றும் எழுதினார். ஐரோப்பிய அரசியல் சிந்தனையில் அந்நூல் பெற்ற மதிப்பு நியாயமானது. ஆனால் எதை நிறுத்துவது, யார் நிறுத்துவது, நிறுத்தாதவனை என்ன செய்வது என்பதை அவர் பொதுமையில் விட்டுவிட்டார். விருத்தாசலத்தில் கூடியவர்கள் அதைப் பட்டியலாகவே எழுதினார்கள்.

கொறுக்கைக் கல்வெட்டு இன்னொரு படியைக் காட்டுகிறது. விளைச்சலைப் பாராமல் முறையின்றி வரி விதித்ததால் ஊரைவிட்டு ஓடும் நிலைக்கு வந்தோம். மண்டலம் முழுவதும் ஒன்றுபடாமல் இருந்ததாலேயே இந்த அநீதி நேர்ந்தது என்பதை அப்போது உணர்ந்தோம் என்று அது சொல்கிறது. குடிபெயர்தல் உழவனின் பழைய ஆயுதம். ஆளில்லாத நிலம் அரசனுக்கும் பயன்படாது. ஆனால் ஓடுபவன் தனியாக ஓடுகிறான், காணியையும் குலதெய்வத்தையும் விட்டு ஓடுகிறான். ஓட்டத்தை நிறுத்தித் திரும்பி நின்றவர்கள் தங்கள் துயரத்துக்குக் காரணத்தைத் தங்கள் பிரிவினையிலும் கண்டார்கள். வலங்கையும் இடங்கையும் எப்படிப்பட்ட பகையாளிகள் என்பதை நினைத்தால் இதன் அருமை விளங்கும். சென்னைப்பட்டினத்தில் 1652இலும் 1707இலும், எந்தத் தெருவில் யார் ஊர்வலம் போகலாம் என்பது போன்ற உரிமைகளுக்காக இதே இரு பிரிவினர் மோதிக்கொண்டார்கள்.

அவர்கள் வரியே தர மாட்டோம் என்று சொல்லவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். நெல்லுக்கு இவ்வளவு, வாழைக்கும் கரும்புக்கும் இவ்வளவு என வீதத்தைத் தாங்களே குறித்தார்கள். விளைச்சலுக்கு ஏற்ற நியாயமான வரியைத் தருவோம், முறையற்றதைத் தரோம் என்றார்கள். வரியின் பளு மட்டும் கொடுங்கோன்மை ஆகிவிடாது என்ற தெளிவு இதில் இருக்கிறது. நாளை எவ்வளவு கேட்பார்கள் என்று தெரியாமல் வாழ்வதை அவர்கள் கொடுமையாகக் கண்டார்கள். கல்லில் வெட்டிய வீதம் அதற்கு மாற்று.

இதை விஜயநகரத்தின் கன்னட ஆட்சிக்கு எதிரான தமிழர் எழுச்சியாக மட்டும் படிக்கும் ஆசை எழலாம். வெளியார் ஆட்சியின் கசப்பு அந்த எழுத்துகளில் உண்டு. ஆனால் உள்ளூர்க் காணியாளரையும் அவை பெயர் சொல்லிச் சேர்க்கின்றன. ஆளவந்தவனும் நிலமுடையவனும் கைகோத்த இடத்தில்தான் குடியின் கழுத்து இறுகியது. அதை மறைத்துப் படித்தால் கல்வெட்டின் பாதியை அழித்துவிடுவோம்.

துரோகியைக் குத்திக் கொல்லும் விதியை மென்மையாக்கிச் சொல்வதும் நேர்மையாகாது. அந்தக் கத்தி முதலில் யார்மேல் பாய்ந்திருக்கும்? பிள்ளைகளின் பசிக்காக ஓலை எழுதப்போன ஏழைக் கணக்கன்மேலாகவும் இருக்கலாம். ஒற்றுமையை அச்சத்தால் காக்க நேர்ந்த கூட்டத்திடம், அது எதிர்த்த ஆட்சியின் சாயல் சிறிது ஒட்டியிருந்தது. ஆனால் ஒருவன் கணக்கெழுதினாலும் மற்ற அனைவரின் மறுப்பும் வீணாகும் என்ற நெருக்கடியை அந்த விதியைப் போல வேறெதுவும் எனக்கு உணர்த்தவில்லை.

பேரரசு விழவில்லை. அந்த நூற்றாண்டு முடியுமுன் அதன் படைத்தலைவர்களான நாயக்கர்களின் அதிகாரம் ஊர்களுக்குள் வேரூன்றத் தொடங்கியது. அதே காலத்தில் நெசவாளரான கைக்கோளர் சில இடங்களில் பல்லக்கும் சங்கும் உரிமையாகப் பெற்றார்கள்; அந்த உரிமைகளும் கல்லில் ஏறின. மெய்க்கீர்த்திகளும் தானங்களும் நிறைந்த கோயில் சுவர்களில், எவருடைய புகழையும் பாடாமல், யாருக்குத் திண்ணை தரக் கூடாது என்று சொல்லும் வரிகளும் இருக்கின்றன.