வானத்தில் இல்லாத விடிவெள்ளி

பதிவு கொஞ்சம் நீளம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

விடுமுறைக்கு வந்த பேத்தியோடு ‘லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ படம் பார்த்துக்கொண்டிருந்தேன். இருட்டுக் குகையில் ஃபுரோடோ ஒரு கண்ணாடிக் குப்பியைத் தூக்கிப் பிடிக்கிறான். பளிச்சென்று வெளிச்சம். “அதுக்குள்ள என்ன இருக்கு தாத்தா?” என்றாள். “தெரியலம்மா, படிச்சுப் பார்த்துச் சொல்றேன்” என்றேன். முப்பத்திரண்டு வருடம் வரலாறு நடத்தியவன் நான். வகுப்பில் ஒருநாளும் அப்படிச் சொன்னதாக நினைவில்லை.

படித்தேன். குப்பிக்குள் இருப்பது எயாரெண்டில் என்ற நட்சத்திரத்தின் ஒளி. ஜே.ஆர்.ஆர். டோல்கீன் படைத்த உலகில் எயாரெண்டில் ஒரு மாலுமி. தீயவனிடம் தோற்று அழிந்துகொண்டிருந்த எல்ஃப்களுக்காகவும் மனிதர்களுக்காகவும் மேற்குக் கடல் தாண்டிப் போய்த் தேவர்களிடம் மன்றாடுகிறான். உதவி கிடைக்கிறது. ஆனால் அவன் ஊர் திரும்ப முடியாது. நெற்றியில் ஒளிமணியோடு அவனையும் கப்பலையும் வானத்தில் ஏற்றிவிடுகிறார்கள். கீழே தவித்திருந்த மக்கள் அந்தப் புதிய ஒளியைப் பார்த்து ‘பெருநம்பிக்கை விண்மீன்’ என்று பெயர் வைக்கிறார்கள். மாலையிலும் விடியற்காலையிலும் தெரிவது அது. நம் விடிவெள்ளியேதான்.

போர் முடிந்ததும் மனிதர்கள் அந்த நட்சத்திரத்தையே திசைகாட்டியாக வைத்துக் கப்பலேறி, கடல் நடுவே ஒரு தீவுக்குப் போய் நூமெனோர் நாட்டை அமைக்கிறார்கள். அவர்கள் வழிவந்த வடநாட்டு அரசர்கள் மகுடம் சூடவில்லை. நெற்றியில் நட்சத்திரமாக ஒரு வெள்ளை மணி அணிந்தார்கள். பல்லாயிரம் ஆண்டு கழித்து, தோட்டக்காரன் சாமுக்குத் திடீரென்று உறைக்கிறது: குப்பியில் இருப்பது அந்தப் பழைய ஒளிதான், நாமும் அதே கதைக்குள்தான் இருக்கிறோம் என்று. வரலாற்றுப் பாடத்தின் பயனே இதுதானே!

இந்தக் கற்பனை பிறந்த இடம் ஒரே ஒரு சொல். ஆயிரம் ஆண்டுக்கு முந்தைய ஆங்கிலப் பக்திக் கவிதை ஒன்றில் ‘எயாரெண்டெல்’ என்று வருகிறது. விடியல் ஒளி என்பது போன்ற பொருள். ஆக்ஸ்ஃபோர்டு மாணவரான டோல்கீன் அந்தச் சொல்லில் மயங்கி, 1914 செப்டம்பரில் ஒரு கவிதை எழுதினார். முதல் உலகப் போர் தொடங்கி இரண்டு மாதம்கூட ஆகவில்லை. “இது எதைப் பற்றியது?” என்று நண்பர் ஜெஃப்ரி ஸ்மித் கேட்டார். தனக்குத் தெரியாது, கண்டுபிடிக்கப் பார்க்கிறேன் என்றார் டோல்கீன். அவருக்கு வயது 22.

பள்ளிக்கூடத்து நெருங்கிய நண்பர்கள் நான்கு பேர். நால்வருமே போருக்குப் போனார்கள். ராப் கில்சன் 1916 ஜூலை 1 அன்று சோம் போர்க்களத்தில் இறந்தார். அந்த ஒரு நாளில் மட்டும் பிரிட்டிஷ் படையில் 19,000 பேருக்கு மேல் மாண்டார்கள். டிசம்பரில் ஸ்மித்தும் குண்டுக் காயத்தால் போய்விட்டார். நாம் சேர்ந்து சொல்ல நினைத்ததை, நான் இல்லாவிட்டாலும் நீ சொல்ல வேண்டும் என்று அவர் டோல்கீனுக்கு முன்பே கடிதம் எழுதியிருந்தார்.

டோல்கீன் 1973-இல் இறக்கும்வரை அந்த நட்சத்திரத்தின் கதையை எழுதித் திருத்திக்கொண்டே இருந்தார். 2022-இல் ஹப்பிள் தொலைநோக்கி வழியாக, அதுவரை கண்டதிலேயே மிகத் தொலைவான நட்சத்திரத்தைக் கண்டதாக அறிவித்தார்கள். 1290 கோடி ஆண்டு பயணம் செய்து வந்த ஒளி. அதற்கு வைத்த பெயர் எயாரெண்டெல்!

இதை எழுதக் காரணம் வேறு. பல வருடம் முன்பு ஒன்பதாம் வகுப்பில் முதல் உலகப் போர் நடத்தினேன். காரணங்கள், விளைவுகள், இறந்தோர் எண்ணிக்கை எல்லாம் கரும்பலகையில் எழுதினேன். கடைசி பெஞ்சிலிருந்து ஒரு பையன் எழுந்து, “செத்தவங்களோட சிநேகிதங்க அப்புறம் என்ன சார் பண்ணாங்க?” என்று கேட்டான். “பரீட்சைக்கு வராததைக் கேட்காதே, உட்கார்” என்றேன். வகுப்பே சிரித்தது. அவன் அப்புறம் என்னிடம் எதுவுமே கேட்டதில்லை. பதில் தெரியாது என்று சொல்ல அன்று எனக்குக் கூச்சமாக இருந்தது. அவ்வளவுதான் விஷயம்.

தம்பி, நீ இதைப் படிக்கிறாயா தெரியவில்லை. அவர்களில் ஒருவர் இதைத்தான் செய்தார். உன் கேள்வி நல்ல கேள்வி. தாமதத்துக்கு மன்னித்துக்கொள்.

மற்றவர்களுக்கும் நான் இப்படி உட்கார வைத்த கேள்வி ஏதாவது ஞாபகம் இருந்தால் கீழே எழுதுங்கள். தெரிந்தால் சொல்கிறேன். தெரியாவிட்டால் படித்துப் பார்த்துச் சொல்கிறேன்.