சேலத்து வசனகர்த்தா

சேர்வராயன் மலையின் அடிவாரத்தில், சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குச் செல்லும் சாலையில், டி. ஆர். சுந்தரம் 1930களின் நடுவில் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ், படத்தயாரிப்பின் பல பிரிவுகளையும் ஒரே வளாகத்துக்குள் கொண்டிருந்த நிறுவனமாகும். மலையாளத்தின் முதல் பேசும்படமான 'பாலன்' (1938) அதன் தயாரிப்பே. அங்கே முதலாளியின் சொல்லே முடிவானது. உரையாடல் எழுதும் வசனகர்த்தா, 'மந்திரி குமாரி'யால் (1950) மு. கருணாநிதி பெற்றதுபோலப் பெரும்புகழ் பெறலாம் என்றாலும், அப்படத்தையும் எல்லிஸ் ஆர். டங்கனும் சுந்தரமுமே இயக்கினர்.

எழுதியவரே இயக்குநராக உயர்ந்த சேலத்துச் சான்று ஏ. பி. நாகராஜன். சங்ககிரியை அடுத்த அக்கம்மாபேட்டையில் 1928இல் பிறந்த அவர், சிறுவர்களைச் சேர்த்துப் பாட்டும் நடிப்பும் பயிற்றுவித்து ஊர் ஊராக நாடகம் நடத்திய 'பாய்ஸ் கம்பெனி' மரபில், டி. கே. எஸ். சகோதரர்களின் குழுவில் வளர்ந்து, பெண்வேடமாகிய ஸ்திரீபார்ட்டும் ஏற்றார். மாடர்ன் தியேட்டர்ஸில் பணியாற்றிப் பின்னர்த் தனித் தயாரிப்பாளரான எம். ஏ. வேணு, நாகராஜனின் நாடகத்தை 'நால்வர்' (1953) என்ற படமாக்கியபோது, எழுத்தும் முதன்மை வேடமும் அவருக்கே கிடைத்தன, இயக்கம் கிடைக்கவில்லை. 'மக்களைப் பெற்ற மகராசி'யில் (1957) சிவாஜி கணேசனைக் கொங்குத் தமிழ் பேசவைத்தது அவருடைய எழுதுகோலே. அதையும், வேணு தயாரித்த 'சம்பூர்ண ராமாயண'த்தையும் (1958) இயக்கியவர் கே. சோமு. 'வடிவுக்கு வளைகாப்பு' (1962) வந்தபோதுதான் இயக்குநர் நாற்காலி நாகராஜனுக்கு வாய்த்தது.

சிவாஜி ஒன்பது வேடங்கள் பூண்ட 'நவராத்திரி'க்கு (1964) அடுத்த ஆண்டு வந்த 'திருவிளையாடல்' அவருடைய முறையைத் தெளிவாகக் காட்டுகிறது. சிவனாகச் சிவாஜியும் புலவர் நக்கீரராக நாகராஜனும் வாதிடும் காட்சியில் கேமரா ஏறத்தாழ அவையோருள் ஒருவராக அமர்ந்துவிட, ஏற்ற இறக்கத்தோடு வரும் வசனமே காட்சியை நகர்த்துகிறது. இதனை நாடகத்தனம் என்று குறைகூறுவோர் உண்டு, அக்குறையில் உண்மையும் உண்டு. ஆயினும் அதே படத்தில் ஏழைப் புலவர் தருமியாக நாகேஷ் தனித்துப் புலம்பும் காட்சியை அடிக்கடி வெட்டித் தொகுத்திருந்தால் அதன் நகைச்சுவை சிதைந்திருக்கும். கொத்தமங்கலம் சுப்புவின் தொடர்கதையிலிருந்து உருவான 'தில்லானா மோகனாம்பா'ளில் (1968) மட்டும், நாதஸ்வரமும் பரதமும் பேச்சுக்கு ஈடாக நிற்பதால், இந்த முறை தன் எல்லையைத் தாண்டுகிறது.

தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமாக, அதாவது அகன்ற திரைக்கென எடுக்கப்பட்ட படமாக, 1973இல் அவர் இயக்கிய 'ராஜராஜ சோழன்', டி. கே. எஸ். சகோதரர்கள் முன்னரே மேடையேற்றிய அரு. இராமநாதனின் நாடகத்தைத் தழுவியது. திரை அகன்றபோதும் கதை பெரும்பாலும் அரண்மனை மண்டபங்களுக்குள்ளேயே நடந்தது.