காசோலை வழக்குகளில் இழப்பீடு: அபராதத்தின் பங்கிலிருந்து தனி ஆணை வரை

கணக்கில் பணமில்லாமல் காசோலை திரும்பினால், 1989க்கு முன்பு இந்தியாவில் பணத்தை இழந்தவர் உரிமையியல் வழக்குத் தொடுக்க வேண்டும். ஏமாற்றும் எண்ணத்தை மெய்ப்பிக்க முடிந்தால் மட்டுமே தண்டனைச் சட்டத்தின் 420ஆம் பிரிவு கைகொடுக்கும். 1988ஆம் ஆண்டுத் திருத்தம், 1881ஆம் ஆண்டு மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 138ஆம் பிரிவைச் சேர்த்து இதைத் தனிக் குற்றமாக்கியது. 1989 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த இப்பிரிவு ஓராண்டு வரை சிறை, காசோலைத் தொகையின் இருமடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும் என விதித்தது. அபராதம் அரசுக்குச் சேர்வது. பணம் பெற வேண்டியவருக்கு இழப்பீடு தருவது பற்றி இப்பிரிவில் ஏதும் இல்லை.

அதற்கான வழி குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இருந்தது. 1898ஆம் ஆண்டுச் சட்டத்தின் 545ஆம் பிரிவு, வசூலான அபராதத்திலிருந்து இழப்பீடு வழங்க இடமளித்தது. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் 357(1) அதைத் தொடர்ந்தது. புதிதாக வந்த 357(3), அபராதம் இல்லாத தண்டனையிலும் இழப்பீடு வழங்க ஆணையிடலாம் என்றது. அதற்கு உச்சவரம்பு எதையும் வைக்கவில்லை.

இந்த வேறுபாடு விரைவில் முக்கியமாயிற்று. முதல் வகுப்பு நீதித்துறை நடுவர் விதிக்கக்கூடிய அபராதம் அப்போது 5,000 ரூபாய்தான். லட்ச ரூபாய் காசோலைக்கும் அதுவே எல்லை. 1999இல் உச்ச நீதிமன்றம், அபராத வரம்பை நடுவர் மீற முடியாது, ஆனால் 357(3)இன்கீழ் இழப்பீடு வழங்க வரம்பில்லை என்று தீர்த்தது. 2002இல் அதன்முன் வந்த வழக்குகளில் காசோலைகளின் மொத்தத் தொகை 4,50,000 ரூபாய்; குற்றவாளிக்குக் கிடைத்ததோ நீதிமன்றம் கலையும் வரை சிறையும் 5,000 ரூபாய் அபராதமும். இத்தண்டனை போதாது என்ற நீதிமன்றம், இழப்பீட்டைக் கட்டத் தவறினால் சிறை விதிக்கலாம் என்ற 1988ஆம் ஆண்டுத் தீர்ப்பையும் உறுதிசெய்தது.

2003 பிப்ரவரி 6 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம் சிறைத் தண்டனையை ஈராண்டாக உயர்த்தியது. 143ஆம் பிரிவின் மூலம் 5,000 ரூபாய்த் தடையையும் நீக்கியது. இதனால் அபராதத்தைப் பெரிதாக விதித்து, அதிலிருந்தே இழப்பீடு தர முடிந்தது. அபராதமும் விதித்து, 357(3)இன்கீழ் தனி இழப்பீடும் வழங்க முடியாது என்று 2011இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. காசோலைத் தொகையோடு ஆண்டுக்கு 9 சதவீதத் தனிவட்டியும் சேர்ந்து கிடைக்கும்படி, இருமடங்கு வரம்புக்குள் அபராதம் அமைவது நல்லது என்றும் கூறியது.

ஆணையிட்டால் மட்டும் பணம் கைக்கு வராது. அபராதத்திலிருந்து தரப்படும் இழப்பீட்டை மேல்முறையீட்டுக் காலம் முடியும் முன்போ, மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதோ வழங்க 357(2) தடை விதித்தது. தொகையைக் கட்டாதவரின் அசையும் சொத்தை ஜப்தி செய்யலாம். மாவட்ட ஆட்சியர் மூலம் நில வருவாய் பாக்கிபோல் வசூலிக்கலாம். கட்டத் தவறியதற்கான சிறையை அனுபவித்துவிட்டாலும் இழப்பீட்டுக் கடன் தீராது என்று 2017இல் தீர்ப்பானது.

காலதாமதத்தைக் குறைக்க 2018 செப்டம்பர் 1 முதல் இரு பிரிவுகள் வந்தன. 143ஏ, விசாரணையின்போதே காசோலைத் தொகையில் 20 சதவீதம் வரை இடைக்கால இழப்பீடு வழங்க வகைசெய்கிறது. 148, மேல்முறையீடு செய்பவர் அபராதம் அல்லது இழப்பீட்டில் குறைந்தது 20 சதவீதத்தைச் செலுத்துமாறு ஆணையிட இடந்தருகிறது. இரண்டுக்கும் கெடு 60 நாள். தக்க காரணமிருந்தால் மேலும் 30 நாள். குற்றம்சாட்டப்பட்டவர் விடுதலையானால் புகார்தாரர் வட்டியோடு திருப்பித் தர வேண்டும். 148இன்கீழ் விதிவிலக்கான வழக்குகளில் தொகையைச் செலுத்தாமலே விலக்களிக்கலாம் என்று 2023இலும், 143ஏ கட்டாயமன்று, நடுவரின் விருப்புரிமைக்கு உட்பட்டது என்று 2024இலும் உச்ச நீதிமன்றம் விளக்கியது.

2024 ஜூலை 1 முதல் 357ஆம் பிரிவின் இடத்தை பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 395ஆம் பிரிவு பெற்றுள்ளது. தண்டனையின் துணையாக வந்த இழப்பீடு, 35 ஆண்டுகளில் இவ்வழக்குகளின் முதன்மை நோக்கமாகிவிட்டது.