காந்தளும் அதன் பெயர்களும்

பெங்களூரின் அடுகோடிப் பகுதியில், மழை பெய்து ஓய்ந்த ஆவணித் திங்களில், ஒரு வீட்டு வேலியின்மேல் கொடியொன்று படர்ந்து பூத்திருந்தது. அடியில் மஞ்சளும் நுனியில் சிவப்புமாய், நெளிந்து மேல்நோக்கி வளைந்த ஆறு இதழ்கள். பார்த்தவுடன் தீக்கொழுந்தே நினைவுக்கு வரும். அவ்வீட்டுக் கன்னட மூதாட்டியார் அதனைக் 'கௌரி ஹூவு' என்றார். சேலத்திலிருந்து வந்து குடியேறிய அடுத்த வீட்டு அம்மையார், "எங்கள் ஊரில் இது கார்த்திகைப் பூ அல்லவா!" என்றார். உடனிருந்த கேரள அன்பர் 'மேந்தோன்னி' என்றார். மூவரும் குறித்தது ஒரே பூவைத்தான்; ஆயினும் ஒருவர் சொன்ன பெயர் மற்றவர்க்குப் புதிதாக இருந்தது. தாவர நூலார் அதற்கு வழங்கும் பெயர் 'குளோரியோசா சூபர்பா' என்பது. சங்கப் புலவர் வழங்கிய பெயர் காந்தள்.

ஒரு பூவுக்கு இத்தனை பெயர் இருந்தால் என்ன என்று எண்ணி விட்டுவிடுவதற்கில்லை. காந்தள் வேர்முதல் விதைவரை நஞ்சுடைய கொடி. அதன் கிழங்கை வள்ளிக்கிழங்கு என்று மயங்கி உண்டு உயிர் துறந்தோரும் உளர். எனவே அதன் பெயர்களை அறிந்துகொள்வது, பிற மொழி வழங்கும் மாநிலங்களில் வாழும் நமக்குச் சுவையான செய்தி மட்டுமன்று, தேவையான செய்தியுமாகும்.

முதலில் நம் பழைய நூல்களைப் பார்ப்போம். கபிலர் பாடிய குறிஞ்சிப்பாட்டில் தலைவியும் தோழியும் அருவியாடிப் பூக்களைப் பறித்துப் பாறைமேற் குவிக்கின்றனர். அங்கே வரிசையாகக் கூறப்படும் தொண்ணூற்றொன்பது பூக்களில் முதலிடம் பெறுவது செங்காந்தள். குறுந்தொகையின் முதற் செய்யுளும் முருகனது மலையிலுள்ள காந்தளைக் கூறியே முடிகின்றது. வேலன் ஆடும் வெறியாட்டுக்குக் காந்தள் என்றே பெயரிட்டது தொல்காப்பியம். மகளிரின் மெல்விரலுக்கும், படமெடுத்த பாம்புக்கும் புலவர் இப்பூவையே உவமை கூறினர். காந்துதல் என்னும் வினைக்கு எரிதல் என்பது பொருள். நெருப்புப் போன்ற பூவின் பெயரை அவ்வினையோடு இயைத்துக் காண்பது இயல்பே.

தோன்றி என்றும் கோடல் என்றும் வேறு இரு பெயர்கள் நம் இலக்கியத்தில் உள்ளன. தோன்றியைச் செங்காந்தள் என்றும், கோடலை வெண்காந்தள் என்றும் உரைகாரர் கூறினர். ஆனால் குறிஞ்சிப்பாட்டின் அதே வரிசையில் காந்தள், கோடல், தோன்றி ஆகிய மூன்றும் தனித்தனியே இடம்பெறுகின்றன. அவை ஒரே பூவின் பல நிலைகளா, இனமொத்த வேறு பூக்களா என்னும் ஐயம் அதனால் எழுகின்றது. இப்பூவோ, மலர்ந்தபோது பசுமையும் மஞ்சளும் கலந்து நின்று, நாட்செல்ல முற்றும் சிவந்துவிடும் இயல்புடையது. ஆதலின் நிறத்தை மட்டும் நோக்கிப் பெயரிட்டால் மயக்கம் வருதல் எளிது.

இனி மக்கள் வழங்கும் பெயர்கள். இலையின் நுனியே சுருண்டு பற்றுக்கம்பியாகிக் கொடியை மேலேற்றுவதால் தலைச்சுருளி என்றனர். கிழங்கு கலப்பையைப் போல வளைந்திருப்பதால் கலப்பைக்கிழங்கு என்றனர். வடமொழியில் 'லாங்கலி' என்பதும் கலப்பையின் பெயரிலிருந்தே வந்தது. கார்த்திகை மாதத்தில் பூத்துக் காணப்படுவதால் கார்த்திகைப் பூ ஆயிற்று. பூவை உற்றுநோக்கினால் கண் வலிக்கும் என்ற நம்பிக்கையால் கண்வலிக்கிழங்கு என்றும் பெயர் பெற்றது. அந்நம்பிக்கை மெய்யன்று, ஆயினும் குழந்தைகளை அக்கொடியின் அருகே அண்டவிடாது காத்த பெயர் அது.

கன்னட நாட்டில் கௌரி பண்டிகைக் காலத்தில் பூப்பதால் கௌரி ஹூவு. தீக்கொழுந்து போல்வதால் அக்கினிசிகெ. குடகு நாட்டில் இதனைத் 'தோக் பூ' என்பர். தோக் என்பது துப்பாக்கி. கைல்போள்து என்னும் ஆயுத விழாவில் குடகர் தம் துப்பாக்கிகளுக்கு இப்பூவைச் சூட்டுவதால் வந்த பெயர் அது. முருகனுக்கு உரியதென நம் புலவர் போற்றிய பூ, அண்டை நாட்டு மலையில் வேறொரு வீர வழக்கில் இன்றும் இடம்பெற்றிருப்பது எண்ணி மகிழத்தக்கது.

மலையாளத்தார் கூறும் மேந்தோன்னி என்னும் பெயரைச் சற்று நின்று நோக்குதல் வேண்டும். தமிழில் ஒன்று, கன்று, மூன்று என வருவன மலையாளத்தில் ஒன்னு, கன்னு, மூன்னு என வரும். அம்முறையால் தோன்றி என்பது தோன்னி ஆகும். சங்கப் புலவர் கூறிய தோன்றியே மேந்தோன்னியின் பின்பாதியில் வாழ்கின்றது எனக் கொள்ளத் தடையில்லை.

இப்பெயர் கடல் கடந்தும் சென்றது. இலங்கையில் டச்சுக் கம்பெனியின் மருத்துவராக இருந்து, பின்னர் ஹாலந்திலுள்ள லெய்டன் நகரத் தாவரத் தோட்டத்துக்குத் தலைவரான பவுல் ஹெர்மான், 1687-ல் வெளியிட்ட நூலில் இக்கொடியை 'மலபாரியரின் மெத்தோனிக்கா' என்று குறித்தார். கொச்சியில் டச்சு ஆளுநராக இருந்த வான் ரீடு தொகுத்த 'ஹோர்ட்டுஸ் மலபாரிக்குஸ்' என்னும் பெருநூல், 1678 முதல் 1693 வரை பன்னிரண்டு தொகுதிகளாக ஆம்ஸ்டர்டாமில் அச்சாயிற்று. இட்டி அச்சுதன் என்ற மலையாள வைத்தியர் முதலானோர் அதற்குத் துணைநின்றனர். அந்நூலில் இக்கொடியின் பெயர் 'மெந்தோனி'. மேந்தோன்னி ஐரோப்பியர் நாவில் மெந்தோனியும் மெத்தோனிக்காவும் ஆயிற்று.

ஆனால் அப்பெயர் நிலைபெறவில்லை. சுவீடன் நாட்டு லின்னேயஸ் 1753-ல் தம் தாவர நூலில் இதற்குக் குளோரியோசா சூபர்பா என்று பெயர் அமைத்தார். 'குளோரியோசா' என்றால் புகழ் வாய்ந்தது. 'சூபர்பா' என்றால் பெருமிதமுடையது. கிரேக்க லத்தீன் வேரில்லாப் பெயர்களை அவர் விரும்பாதவர். ஆயினும் நம் ஊமத்தைக்குத் 'தத்தூரா' என்னும் இந்தியப் பெயரே 'டாட்டூரா' என நின்றது. கொடுத்தல் என்று பொருள்படும் லத்தீன் வினையோடு அச்சொல்லை அவர் பொருத்திக்கொண்டார் என்பர். பின்னாளில் பிரெஞ்சு அறிஞர் லாமார்க், காந்தளுக்கு மெத்தோனிக்கா சூபர்பா என்று எழுதினார். ஆயினும் 1753-ஆம் ஆண்டு நூலையே தொடக்கமாகக் கொள்ளும் தாவரப் பெயர் விதிப்படி லின்னேயஸ் இட்ட பெயரே நிலைத்தது.

அந்த லத்தீன் பெயரில் அழகும் பெருமிதமும் உண்டு. நஞ்சைப் பற்றிய குறிப்பு ஒன்றும் இல்லை. அக்குறிப்பு நாட்டு வழக்கில்தான் உள்ளது. ஆயுர்வேத நூல்கள் லாங்கலியை உபவிடங்களுள் ஒன்றாக எண்ணின. சித்த வைத்தியரும் முறைப்படி சுத்தி செய்யாமல் கலப்பைக்கிழங்கை மருந்தில் சேர்ப்பதில்லை.

அந்நஞ்சின் பெயர் கோல்சிசின். கருங்கடற் கரையிலிருந்த கோல்கிஸ் என்னும் பழைய நாட்டின் பெயரால் வழங்கும் 'கோல்சிக்கம்' என்ற செடியிலிருந்து 1820-ல் பெல்லத்தியே, கவாந்து என்னும் பிரெஞ்சு அறிஞர் இருவர் அதனைப் பிரித்தெடுத்தனர். காந்தளும் கோல்சிக்கமும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. இந்நஞ்சு உடலின் உயிரணுக்கள் இரண்டாகப் பிரிவதைத் தடுக்கின்றது. அதனால் விரைந்து பெருகும் அணுக்களைக் கொண்ட குடல், எலும்பு மச்சை, மயிர்க்கால் ஆகியவை முதலில் கெடும். உண்ட சில மணி நேரத்தில் வாந்தியும் பேதியும் தொடங்கும். பிழைத்தவர்க்கும் சில நாள் கழித்துத் தலைமயிர் உதிர்வதுண்டு. கிழங்கை வேகவைத்தாலும் நஞ்சு நீங்காது.

அளவறிந்து தரும்போது அதே பொருள் மருந்தாகின்றது. யூரிக் அமிலத்தால் மூட்டு வீங்கி வலிக்கும் கவுட் நோய்க்கு மருத்துவர் கோல்சிசின் தருகின்றனர். அதற்காகவே கரூர், திண்டுக்கல், திருப்பூர் மாவட்டங்களில் உழவர் கண்வலிக்கிழங்கைப் பயிரிட்டு, பூக்களுக்குக் கையால் மகரந்தம் சேர்த்து, விதையை எடுத்து விற்கின்றனர். செங்காந்தள் இன்று தமிழ்நாட்டின் மாநில மலராகவும் விளங்குகின்றது.

ஆகவே எந்தப் பெயர் சிறந்தது? ஊரார் இட்ட பெயர் வடிவத்தையும் பருவத்தையும் ஆபத்தையும் சொல்கின்றது. ஆனால் ஊர் எல்லையைக் கடந்தால் அது விளங்காது. நூற்பெயர் அவற்றைச் சொல்வதில்லை. ஆனால் எந்நாட்டு மருத்துவர்க்கும் விளங்கும். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்டவன் இதனை நாள்தோறும் உணர்கின்றான். 'குளோரியோசா' என்பதைப் 'புகழ்ப்பூ' என்று பெயர்த்தால் சொல் தமிழாகும். பொருள் ஒருவர்க்கும் எட்டாது. 'காந்தள்' என்றெழுதி, அருகே நூற்பெயரையும் தந்தால் இரண்டும் பயன்படும்.

வெளிமாநிலத்தில் வாழும் நம் இல்லங்களில் குழந்தைகள் காந்தளைப் பாடநூலில் மட்டும் அறிவர். வேலியில் அது பூத்திருக்கக் கண்டால், அதன் தமிழ்ப் பெயரையும், அவ்வூர் மக்கள் வழங்கும் பெயரையும், குளோரியோசா சூபர்பா என்னும் நூற்பெயரையும் சேர்த்தே சொல்லிக் கொடுங்கள். கிழங்கைத் தொட்டு விளையாடலாகாது என்பதையும் உடன் சொல்லுங்கள். தவறி யாரேனும் உண்டுவிட்டால், வாந்தி வரும்வரை காத்திராமல், கொடியின் ஒரு துண்டையும் கையில் எடுத்துக்கொண்டு உடனே மருத்துவமனைக்கு விரைதல் வேண்டும். அந்நேரத்தில், நாம் கற்றுவைத்த பெயர் ஓர் உயிரைக் காக்கக்கூடும்.