இரவுப் பணியாளரின் குற்றமும் இல்லத்தின் பொறுப்பும்

ஆயக்குடிக் கொய்யாத் தோப்பில் கூலிக்குப் போகும் ஒரு தாய், பேச்சு வராத தன் மகளை வெளியூர் இல்லமொன்றில் சேர்த்திருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அங்கே அவளைக் குளிப்பாட்டி உடை மாற்றும் பணியாளரே அவளைக் கொடுமைப்படுத்தினால், குற்றவாளியைத் தண்டிக்க மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம், 2016இன் 92ஆம் பிரிவு இருக்கிறது. இழப்பீட்டை யார் தருவது? மாதச் சம்பளக்காரரிடம் கொடுக்க ஒன்றும் இருக்காது. “எங்களுக்குத் தெரியாது, அதற்கா அவரை வேலைக்கு வைத்தோம்?” என்று இல்லம் கைவிரிக்கும். உரிமையியல் நீதிமன்றம் இந்தப் பதிலை ஏற்கக் கூடாது என்பதே என் வாதம்.

பணியின் போக்கில் பணியாளர் இழைக்கும் தவறுக்கு முதலாளி பொறுப்பு என்பது தீங்கியல் சட்டத்தின் பழைய விதி. கொடுமை செய்வது எவருடைய பணியும் ஆகாது என்பதால், அந்த விதியே இல்லங்களுக்குக் கேடயமாயிற்று. இங்கிலாந்தின் டிராட்மன் வழக்கைப் பாருங்கள். சிறப்புப் பள்ளி மாணவர்களை ஸ்பெயினுக்கு அழைத்துச் சென்றிருந்தார்கள். வலிப்பு நோயுள்ள ஒரு மாணவனை இரவில் கவனித்துக்கொள்ளத் துணைத் தலைமையாசிரியர் அவன் அறையிலேயே தங்கினார். அவர்மீது பாலியல் புகார் எழுந்தது. அத்தகைய செயல் பணிக்கே நேர்மாறானது என்று சொல்லி, 1998இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் கல்வி நிர்வாகத்தை விடுவித்தது. இதைப் படிக்கும்போதெல்லாம் மனம் பதறுகிறது. அந்த அறைக் கதவை அவருக்குத் திறந்துவிட்டதே அந்தப் பணிதானே? 2001இல் லிஸ்டர் வழக்கில் பிரபுக்கள் சபை அத்தீர்ப்பைத் தள்ளிவிட்டு, பணிக்கும் குற்றத்துக்கும் நெருங்கிய தொடர்பு உண்டா என்று கேட்டது.

நம் நாட்டில் இதற்கு ஒரு முன்னோடி உண்டு. ஹவுரா ரயில் நிலையத்தின் யாத்ரி நிவாஸில், ரயில்வே ஊழியர்கள் உள்ளிட்டோரின் வன்புணர்வுக்கு ஆளான வங்கதேசப் பெண்ணுக்கு மத்திய அரசே பொறுப்பு என்று, 2000இல் சந்திரிமா தாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 10 லட்சம் ரூபாய் இழப்பீட்டை உறுதிசெய்தது. ஆனால் அது அரசுக்கு எதிராகக் கிடைத்த பரிகாரம். தனியார் அறக்கட்டளை நடத்தும் இல்லத்தின்மீது அந்தத் தாய் தனியே வழக்குத் தொடுத்தாக வேண்டும்.

2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடியில் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்த மனநோயாளிகள் தீயில் சிக்கி 28 பேர் இறந்தபோதும், 2023இல் விழுப்புரம் மாவட்டத்து அன்பு ஜோதி ஆசிரமத்தின்மீது புகார்கள் எழுந்தபோதும், இல்லத்தை நடத்தியவர்களே வழக்கில் சேர்க்கப்பட்டார்கள். நடத்துபவர் கை படாத வழக்குதான் சிக்கலானது. மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டத்தில் நிறுவனங்களின் குற்றம் பற்றிய 90ஆம் பிரிவு, தனக்குத் தெரியாமல் நடந்தது என்று மெய்ப்பித்தவரைத் தண்டிப்பதில்லை. சிறைத்தண்டனைக்கு அது நியாயம். இழப்பீட்டு வழக்கிலும் அதே வாதத்தை அனுமதித்தால் பாதிக்கப்பட்டவளுக்கு மிஞ்சுவது ஒன்றுமில்லை.

தொண்டு இல்லங்கள் இதைத் தாங்குமா என்ற கேள்வி உண்மையானது. நன்கொடையில் ஓடும் இல்லங்களை நானும் அறிவேன். ஆனாலும் கனடாவின் உச்ச நீதிமன்றம் 1999இல் பேஸ்லி வழக்கில் இலாப நோக்கற்ற அமைப்புக்கும் விலக்குத் தரவில்லை. சுமையைப் பங்கிடக் காப்பீடு இருக்கிறது. பதிவுச் சான்றிதழின் நிபந்தனையாகவே மாநில அரசு அதைச் சேர்க்கலாம்.

மெய்ப்பிக்கும் சுமையையும் மாற்ற வேண்டும். அந்த இரவில் யார் பணியில் இருந்தார், எத்தனை பேரை ஒருவரே பார்த்துக்கொண்டார் என்பது பேச முடியாத பெண்ணுக்கும் ஆயக்குடியில் இருக்கும் தாய்க்கும் எப்படித் தெரியும்? வருகைப் பதிவேடு இல்லத்தின் அலமாரியில் இருக்கிறது.