கனடாவின் மருத்துவ அட்டைக்குப் பின்னால் ஒரு 23 நாள் கதை

இது கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது நிதானமாகப் படியுங்கள்.

கனடாவில் குடியேறிய நம் பிள்ளைகள் இரண்டு விஷயம் சொல்வார்கள். "சார், இங்கே பிரசவத்துக்கும் ஆபரேஷனுக்கும் பில்லே கிடையாது" என்பது ஒன்று. "ஆனால் பல்லுக்கும் மூக்குக்கண்ணாடிக்கும் மாத்திரைக்கும் கைக்காசு போகிறது" என்பது இன்னொன்று. இரண்டும் ஒரே நாட்டில் எப்படி இருக்க முடியும் என்று கேட்டால் பலருக்குப் பதில் தெரிவதில்லை. பதில் வரலாற்றில் இருக்கிறது. சஸ்காச்சுவான் என்கிற கோதுமை மாகாணத்தில் அது தொடங்குகிறது.

வரைபடத்தில் பாருங்கள். தமிழ்நாட்டைப் போல ஐந்து மடங்கு பரப்பு. 1961-இல் மக்கள் தொகை வெறும் 9 லட்சத்துச் சொச்சம். கடுங்குளிர், தூரம் தூரமாகப் பண்ணைகள். அப்படிப்பட்ட ஊரில் ஒரு டாக்டர் நிலைத்திருப்பதே பெரிய காரியம். விளைச்சல் பொய்த்தால் விவசாயி பணம் தரமாட்டார். கோழியும் உருளைக்கிழங்கும் விறகும் கொடுத்துச் சமாளிப்பார். டாக்டரும் எத்தனை நாள்தான் பொறுப்பார்?

முதல் உலகப்போர் தொடங்கிய சமயம். சார்னியா என்ற கிராமப்புற ஊராட்சியில் இருந்த ஒரே டாக்டர் ஊரைவிட்டுக் கிளம்பும் நிலை வந்தது. ஊராட்சி கூடி, வரிப்பணத்திலிருந்து ஆண்டுக்கு 1,500 டாலர் தருகிறோம், இருங்கள் என்றது. அப்படிச் செய்ய அப்போது சட்டத்தில் இடமில்லை. 1916-இல்தான் மாகாணம் சட்டத்தைத் திருத்தியது. அதன்பின் மற்ற ஊராட்சிகளும் பொதுப்பணத்தில் டாக்டர் வைத்துக்கொண்டன. பல ஊராட்சிகள் சேர்ந்து ஒரு ஆஸ்பத்திரி கட்டுவதும் வழக்கமாயிற்று.

இங்கே ஒரு நிமிடம் கணக்கு வகுப்பு. நம் ஊர்ச் சீட்டு உங்களுக்குத் தெரியும். எல்லோரும் கட்டுகிறோம், எல்லோருக்கும் ஒருநாள் முறை வரும். நோய்க்கு அப்படி முறை கிடையாது. நூறு குடும்பத்தில் இந்த வருடம் ஐந்து குடும்பம் படுக்கும். எந்த ஐந்து என்று யாருக்கும் தெரியாது. படுத்தபின் அந்த ஐந்து குடும்பமும் தனித்தனியாகப் பணம் தேடினால் நிலம் போகும், நகை போகும். நூறு குடும்பமும் நன்றாக இருக்கும்போதே சிறிது சிறிதாகக் கட்டிவைத்தால் யாருக்கும் நிலம் போகாது. ஆகவே இதற்கு "இலவச மருத்துவம்" என்று பெயர் வைப்பது தவறு. முன்கூட்டியே, எல்லோருமாகச் சேர்ந்து பணம் கட்டிய மருத்துவம் அது.

இன்னொரு சிக்கலையும் கவனியுங்கள். ஆரோக்கியமாக இருப்பவர் "எனக்கெதற்கு?" என்று விலகினால், மிஞ்சுவது நோயாளிகள் மட்டும். கட்டணம் ஏறும், மேலும் பலர் விலகுவார்கள், கடைசியில் திட்டமே கவிழும். அதனால்தான் வரி போல எல்லோரையும் சேர்க்க வேண்டியிருக்கிறது. நம்மைக் கட்டாயப்படுத்த அரசு யார் என்ற கேள்வியும் அங்கேதான் பிறக்கிறது.

இனி டாமி டக்ளஸ் கதைக்கு வருவோம். ஸ்காட்லாந்திலிருந்து வின்னிபெக் நகருக்கு வந்த ஓர் இரும்பு வார்ப்புத் தொழிலாளியின் மகன். சிறு வயதில் காலில் எலும்பு அழற்சி. காலை எடுக்கவேண்டியதுதான் என்ற நிலை. அப்போது ஓர் அறுவை மருத்துவர், என் மாணவர்கள் கூட இருந்து பார்த்துக் கற்க அனுமதித்தால் நான் பணம் வாங்காமல் செய்கிறேன் என்றார். கால் பிழைத்தது. வேறு யாராக இருந்தாலும் அந்த மருத்துவருக்குக் கோயில் கட்டியிருப்பார்கள். டக்ளஸும் நன்றி மறக்கவில்லை. ஆனால் பிற்காலத்தில் அவர் மனதில் நின்றது வேறு: அந்த மருத்துவர் அன்று வராமல் இருந்திருந்தால்? ஒரு பையனின் கால் அப்பாவின் சம்பளத்தையோ, யாரோ ஒருவரின் தற்செயலான கருணையையோ நம்பி இருக்கலாமா?

1930-இல் அவர் வேபர்ன் என்ற சிற்றூருக்குப் பாப்டிஸ்ட் சபை போதகராகப் போனார். வறட்சியும் பொருளாதார மந்தமும் சேர்ந்து அந்த மாகாணத்தைப் புழுதியாக்கிய ஆண்டுகள் அவை. பிறகு அரசியலுக்கு வந்து 1944-இல் சஸ்காச்சுவானின் முதல்வர் ஆனார். இதை எழுதும் எனக்குப் பிடித்தது, அவர் அவசரப்படவில்லை என்பது. 1946-இல் ஸ்விஃப்ட் கரன்ட் வட்டாரத்தில் மட்டும் டாக்டர், ஆஸ்பத்திரி இரண்டையும் சேர்த்து ஒரு பொதுத் திட்டம் தொடங்கியது. அங்குள்ள மக்களே வாக்களித்து ஏற்ற திட்டம் அது. பிரிட்டனின் தேசிய மருத்துவத் திட்டத்துக்கு இரண்டு ஆண்டு மூத்தது. 1947 ஜனவரி 1 முதல் மாகாணம் முழுவதற்கும் ஆஸ்பத்திரிக் காப்பீடு. கட்டணம் ஆளுக்கு ஆண்டுக்கு 5 டாலர், குடும்பத்துக்கு அதிகபட்சம் 30 டாலர். ஆஸ்பத்திரிப் படுக்கைச் செலவு தீர்ந்தது. டாக்டர் கட்டணம் மிச்சமிருந்தது. மாகாணத்திடம் அதற்குப் பணமில்லை. பத்து ஆண்டு கழித்து மத்திய அரசு ஆஸ்பத்திரிச் செலவில் ஏறத்தாழ பாதியை ஏற்க முன்வந்ததும், மிச்சமான பணத்தை வைத்து 1959 கடைசியில் டக்ளஸ் அடுத்த படியை அறிவித்தார்.

மருத்துவர் சங்கம் எதிர்த்தது. 1960 தேர்தலே இந்தக் கேள்வியின்மேல் நடந்தது. டக்ளஸ் வென்றார். 1961 நவம்பரில் சட்டம் நிறைவேறியது. அதற்குள் அவர் புதிய ஜனநாயகக் கட்சியின் தேசியத் தலைவராகப் போய்விட்டார். அவருக்குப் பின் பொறுப்பேற்றவர் உட்ரோ லாயிட். நான் இந்தப் பதிவை எழுதவே அவர்தான் காரணம். அவர் ஒரு பள்ளி ஆசிரியர்! ஆசிரியர் சங்கத் தலைவராக இருந்து, 1944-இல் கல்வி அமைச்சரானவர். அதிகம் பேசாதவர். டக்ளஸ் அளவுக்கு மேடையில் சிரிக்கவைக்கத் தெரியாதவர்.

1962 ஜூலை 1. சட்டம் நடைமுறைக்கு வந்த அன்றே மாகாணத்தின் சுமார் 900 டாக்டர்களில் பெரும்பாலோர் கிளினிக்கைப் பூட்டினார்கள். சில ஆஸ்பத்திரிகளில் அவசரச் சிகிச்சை மட்டும் நடந்தது. டாக்டரைத் தேடிக் காரில் ஊர் ஊராக அலைந்த ஒரு தம்பதியின் ஒன்பது மாதக் குழந்தை முதல் நாளே மூளைக்காய்ச்சலில் இறந்துபோனது.

டாக்டர்களை வில்லன்களாக்கி முடித்துவிட எனக்கு மனமில்லை. அவர்களில் பலர் அதே மாகாணத்தில் கோழி வாங்கிக்கொண்டு வைத்தியம் பார்த்தவர்கள். பிரிட்டனின் திட்டம் பிடிக்காமல் கப்பலேறி வந்தவர்களும் இருந்தார்கள். ஒரே முதலாளியாக அரசு வந்துவிட்டால், எந்த நோயாளிக்கு என்ன சிகிச்சை என்பதிலும் அரசு கை வைக்கும் என்று அஞ்சினார்கள். இந்த அச்சம் வெறும் பேராசை என்று தள்ளிவிடக் கூடியதல்ல. ஆனால் அதற்காக நோயாளி முன் கதவை மூடலாமா? சம்பளத்துக்காக ஆசிரியர்கள் வேலைநிறுத்தம் செய்தால் பாடம் ஒரு மாதம் தள்ளிப்போகும், பிறகு நடத்திக்கொள்ளலாம். காய்ச்சல் தள்ளிப்போகாது. இந்த வித்தியாசத்தை அங்கிருந்த பொதுமக்களும் உணர்ந்தார்கள் என்று நினைக்கிறேன். ஜூலை 11-இல் தலைநகர் ரெஜினாவில் டாக்டர்களுக்கு ஆதரவாகப் பிரம்மாண்டப் பேரணி என்று அறிவித்தார்கள். பல்லாயிரக்கணக்கில் எதிர்பார்த்த இடத்தில் நாலைந்து ஆயிரம் பேரே வந்தார்கள்.

அரசு பிரிட்டனிலிருந்து டாக்டர்களை வரவழைத்தது. சில ஊர்களில் மக்களே கூட்டுறவாகச் சமூக மருத்துவமனைகளைத் தொடங்கினார்கள். சமரசத்துக்கு வந்தவர் லார்ட் டெய்லர் என்ற பிரிட்டிஷ் மருத்துவர், தொழிற்கட்சிப் பிரபு. கட்டணம் வேண்டாம், வடக்கே ஏரியில் மீன்பிடிக்க ஏற்பாடு செய்யுங்கள் போதும் என்றாராம்! 23-ஆம் நாள், ஜூலை 23 அன்று, சஸ்கட்டூன் நகரில் உடன்பாடு கையெழுத்தானது.

யார் ஜெயித்தது? மாணவர்களே, இந்த இடத்தை அடிக்கோடிட்டுக்கொள்ளுங்கள். டாக்டர்கள் அரசு ஊழியர் ஆகவில்லை. பார்க்கிற ஒவ்வொரு நோயாளிக்கும் தனித்தனியாகக் கட்டணம் என்ற முறை நீடித்தது. விரும்பினால் திட்டத்துக்கு வெளியேயும் தொழில் செய்யலாம் என்றானது. லாயிட் இவ்வளவும் விட்டுக்கொடுத்தார். விட்டுக்கொடுக்காதது ஒன்றே ஒன்று: மாகாணத்தின் ஒவ்வொரு குடிமகனும் திட்டத்துக்குள் இருப்பார், பணம் பொதுப்பையிலிருந்து வரும். "எப்படி" என்பதில் வளைந்தார், "யாருக்கு" என்பதில் நின்றார். வராத கடன் என்பதே இல்லாமல் போனதால் டாக்டர்களின் வருமானமும் பின்னர் உயர்ந்தது.

விலையும் கொடுத்தார்கள். 1962 ஜூனில் நடந்த தேசியத் தேர்தலில் டக்ளஸ் ரெஜினாவிலேயே தோற்றார். 1964-இல் லாயிட் ஆட்சியை இழந்தார். ஆனால் வென்ற எதிர்க்கட்சி திட்டத்தை ஒழிக்கத் துணியவில்லை. அதே ஆண்டு நீதிபதி எம்மெட் ஹால் தலைமையிலான ஆணையம், நாடு முழுவதற்கும் இப்படியொரு திட்டம் வேண்டும் என்று அறிக்கை கொடுத்தது. அந்த ஆணையத்தை அமைக்கச் சொல்லிக் கேட்டதே கனடிய மருத்துவர் சங்கம்தான் என்பது வரலாற்றின் குறும்பு. 1966-இல் மத்தியச் சட்டம் வந்தது. 1972-க்குள் எல்லா மாகாணங்களும் சேர்ந்துவிட்டன.

பின்கதை ஒன்றும் உண்டு. 1968-இல் சஸ்காச்சுவானின் புதிய அரசு, மக்கள் தேவையில்லாமல் டாக்டரிடம் போகிறார்கள் என்று சொல்லி, ஒவ்வொரு முறைக்கும் 1.50 டாலர் நுழைவுக்காசு போல வைத்தது. சின்னத் தொகைதானே? பின்னால் ஆய்ந்து பார்த்தபோது, ஏழைகள் டாக்டரைப் பார்ப்பது ஏறத்தாழ 18 சதவீதம் குறைந்திருந்தது தெரிந்தது. மொத்தக் குறைவு அதைவிட மிகக் கொஞ்சம். 1971-இல் ஆட்சி மாறியதும் அந்தக் கட்டணத்தை எடுத்துவிட்டார்கள். வாசலில் வைக்கிற சிறு காசு யாரைத் தடுக்கிறது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது. 1984-இல் வந்த கனடா சுகாதாரச் சட்டம், நோயாளியிடம் இப்படிக் கூடுதலாக வாங்கும் மாகாணத்துக்கு அதே அளவு மத்திய நிதியை வெட்டும் என்றது. நாடாளுமன்றத்தின் கீழவையில் ஒருவர்கூட எதிர்த்து வாக்களிக்கவில்லை.

இப்போது பல்லுக்கும் மாத்திரைக்கும் ஏன் கைக்காசு என்று புரிகிறதா? 1947-இல் ஆஸ்பத்திரி, 1962-இல் டாக்டர் என்று படிப்படியாகக் கட்டிய வீடு அது. அடுத்த அறை கட்டாமலே பல பத்தாண்டுகள் போய்விட்டன. பல் மருத்துவத்துக்கும் மருந்துக்கும் தேசியத் திட்டம் என்ற பேச்சு 2024-ஐ ஒட்டித்தான் சட்டமாகவும் செயலாகவும் உருப்பெறத் தொடங்கியது. காத்திருப்பு வரிசை என்ற குறையும் உண்மையானதே. அதை ஒப்புக்கொண்டு சரிசெய்யவேண்டும். அதற்காக வாசலில் மறுபடி காசு வைக்கலாம் என்று யாராவது சொன்னால் மட்டும் 1968-ஐ நினைவுபடுத்துங்கள்.

எந்த நாட்டில், எந்தக் கட்சி மருத்துவத் திட்டம் அறிவித்தாலும் மூன்று கேள்வி கேட்டுப் பாருங்கள். இதற்குள் யார் யார் இருக்கிறார்கள்? பணம் நோய்க்கு முன்பா, நோயின்போதா வாங்கப்படுகிறது? டாக்டருக்கு எந்த அடிப்படையில் கொடுக்கிறார்கள்? விளம்பரப் பலகையில் யார் படம் இருக்கிறது என்பது நான்காவது கேள்வியாகக்கூட வேண்டாம்.

மருத்துவத் துறையில் இருக்கும் என் மாணவர்கள் டாக்டர்கள் பக்கத்து நியாயத்தை இன்னும் விரிவாக எழுதினால் மகிழ்வேன். மாற்றுக் கருத்து இருந்தாலும் தயங்காமல் சொல்லுங்கள். வகுப்பில் கை தூக்கியவர்களை நான் ஒருநாளும் உட்காரச் சொன்னதில்லை.

அனைவரும் நலமாக இருங்கள். வீட்டில் பெரியவர்களின் மாத்திரை தீர்வதற்கு முன்பே வாங்கி வையுங்கள்.

அன்புடன்,
உங்கள் வரலாற்று ஆசிரியர்