ஒரு சொல், இரு கரை: 'வெள்ளம்' – பாறசாலை, நெய்யாற்றின்கரை எல்லைச் சிற்றூர்களை முன்வைத்து ஒரு பொருள் வரலாறு

0. முன்னுரை

'வெள்ளம் வரவில்லை' என்னும் தொடர் சென்னையில் அச்சாகும் நாளிதழில் இடம்பெற்றால் அது ஆறுதல் தரும் செய்தியாகும். அதே தொடர் பாறசாலைக்கும் களியக்காவிளைக்கும் இடைப்பட்ட சிற்றூர் ஒன்றில் ஒலிக்குமாயின் அது முறையீடாகும். முன்னதில் ஆறு கரை கடக்கவில்லை. பின்னதில் குழாயிலோ கால்வாயிலோ நீர் வரவில்லை. வடிவத்தில் எவ்வித வேறுபாடும் இல்லாத ஒரு சொல் இவ்வாறு எதிரெதிரான செய்திகளைத் தருவது பொருண்மையியலார்க்கும் மொழிபெயர்ப்பாளர்க்கும் ஒருங்கே ஆய்வுக்குரியது. 'வெள்ளம்' என்னும் இச்சொல் இலக்கிய வழக்கு, கிளைமொழி, அறிவியல் வழக்கு, கொச்சை வழக்கு ஆகிய நான்கிலும் பெற்றுள்ள பொருள்களையும் அவற்றின் வரலாற்றையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

1. களம்

திருவனந்தபுரம் மாவட்டம் நெய்யாற்றின்கரை வட்டத்தின் தென்கோடியில் அமைந்துள்ளது பாறசாலை. அதனை அடுத்துள்ள களியக்காவிளை தமிழ்நாட்டைச் சார்ந்தது. இவ்விரண்டையும் பிரிக்கும் மாநில எல்லை 1956 நவம்பர் 1 அன்று ஏற்பட்டதாகும். அன்று தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்கள் கன்னியாகுமரி மாவட்டமாகச் சென்னை மாநிலத்துடன் இணைந்தன. செங்கோட்டைப் பகுதி திருநெல்வேலி மாவட்டத்துடன் சேர்ந்தது. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரசு கோரிய பகுதிகளுள் ஒன்றாகிய நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே நின்றது.

ஆட்சி எல்லை ஒரே நாளில் வரையப்பட்டது. மொழி எல்லை அவ்வாறு வரையப்பட்டதன்று. ஆய் மன்னன் கருநந்தடக்கன் கி.பி. 866இல் பார்த்திவசேகரபுரத்தில் நிறுவிய சாலையைக் குறிக்கும் செப்பேடுகள் தமிழ் மொழியில், வட்டெழுத்தில் அமைந்தவை. அவ்வூர் பாறசாலைக்குத் தொலைவில் இல்லை. பின்னர்த் திருவிதாங்கூர் ஆட்சியில் தமிழும் மலையாளமும் அருகருகே வழங்கின. எனவே 1956க்குப் பிந்திய எல்லையைக் கொண்டு இப்பகுதிச் சொற்களைத் 'தமிழ்ச்சொல்', 'மலையாளக் கடன்' எனப் பகுப்பது வரலாற்றுக்குப் பொருந்தாத முடிவுகளைத் தரக்கூடும்.

2. இலக்கிய வழக்கு

பழந்தமிழில் வெள்ளம் என்பது நீரின் பெயரன்று. நீரின் பெருக்கைக் குறிக்கும் பெயர். இப்பெருக்கப் பொருளே எண்ணுப்பெயராகவும் விரிந்தது. ஐ, அம், பல் என்னும் இறுதிகளையுடைய பேரெண்களைத் தொல்காப்பியம் எழுத்ததிகாரத்தில் குறிப்பிடுகிறது. உரையாசிரியர்கள் அவற்றுக்குத் தாமரை, வெள்ளம், ஆம்பல் என எடுத்துக்காட்டுத் தருவர். பரிபாடலிலும் வெள்ளம் பேரெண்ணாக ஆளப்பட்டுள்ளது. கம்பராமாயணத்தில் வானரப் படையின் அளவு எழுபது வெள்ளம். பக்தி இலக்கிய மரபில் அருளும் இன்பமும் வெள்ளமாயின. இக்கால இதழ்களில் மக்கள் கூட்டம் வெள்ளமாயிற்று. இவை அனைத்திலும் அடிப்படையாக நிற்கும் பொருட்கூறு 'அளவு கடந்த மிகுதி' என்பதே.

சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி இச்சொல்லுக்கு நீர்ப்பெருக்கு, கடல், நீர், மிகுதி, பேரெண் முதலிய பொருள்களைத் தருகிறது. 'நீர்' என்னும் பொருள் தமிழுக்கு முற்றிலும் அயலானதன்று என்பது இதனால் பெறப்படும். எனினும் பொதுத்தமிழில் அப்பொருள் வேரூன்றவில்லை.

3. ஒப்பியல் சான்று

எப்பொருள் முந்தியது என்பதை இனமொழிகளைக் கொண்டு ஓரளவு துணியலாம். தெலுங்கில் 'வெல்லுவ' என்பதும் துளுவில் 'பொள்ள' என்பதும் நீர்ப்பெருக்கையே குறிக்கின்றன. மலையாளத்தில் மட்டுமே வெள்ளம் என்பது நீருக்குரிய இயல்பான, அன்றாடப் பெயராகியது. ஆகவே பெருக்கு என்னும் பொருளே முந்தியது என்றும், 'நீர்' என்னும் பொதுப்பொருள் மேலைக்கடற்கரையின் தென்பகுதியில் ஏற்பட்ட பொருள் விரிவு என்றும் கொள்வது பொருத்தமாகும்.

மழைமிகுந்த நாட்டில் நீர் எப்போதும் பெருக்காகவே காணப்பட்டதால் பொருள் மாறியது என்று ஒரு விளக்கம் தோன்றக்கூடும். இது ஏற்கத்தக்கதாகத் தோன்றவில்லை. துளுநாடும் பெருமழை பெறும் நிலமே. ஆயினும் துளுவில் இம்மாற்றம் நிகழவில்லை. காரணத்தைச் சூழலிற் காண்பதினும் சொற்றொகுதியின் உள்ளமைப்பிற் காண்பது நன்று.

'நீர்' என்னும் பழஞ்சொல் காலப்போக்கில் பல பொருள்களைச் சுமக்கலாயிற்று. மலையாளத்தில் அது சாறு, வீக்கம் ஆகியவற்றைக் குறிக்கிறது. தமிழில் முன்னிலைப் பெயராகவும் உடற்கழிவின் பெயராகவும் வழங்குகிறது. குடிக்கும் நீரைத் தனித்துச் சுட்ட வேறொரு சொல் தேவைப்பட்டபோது தமிழ் 'தண்' என்னும் அடையை முன்னிட்டுத் 'தண்ணீர்' என்றது. மலையாளம் 'வெள்ளம்' என்பதைப் பொதுமைப்படுத்தியது எனக் கருத இடமுண்டு. தமிழ்ச் சொல்லிலும் அடையின் பொருள் தேய்ந்துவிட்டது. 'சுடுதண்ணி' என்னும் பேச்சுவழக்கே அதற்குச் சான்று. ஒரே சிக்கலுக்கு இரு மொழிகளும் கண்ட இரு தீர்வுகளாக இவற்றைக் கொள்ளலாம்.

பொருளொன்றைப் பொதுமைப்படுத்திய மொழி, இழந்த சிறப்புப்பொருளை வேறு வகையில் ஈடுசெய்ய வேண்டியிருந்தது. மலையாளம் 'வெள்ளப்பொக்கம்' என்னும் தொகையை அமைத்துக்கொண்டது. கொல்லம் ஆண்டு 1099இல், அதாவது 1924இல், நிகழ்ந்த பேரழிவு 'தொண்ணூற்றொன்பதிலெ வெள்ளப்பொக்கம்' என்றே மக்கள் நினைவில் நிற்கிறது. 2018 ஆகஸ்டில் நிகழ்ந்ததைக் குறிக்க அச்சொல்லும் போதாதாயிற்று. 'பிரளயம்' என்பது செய்தி வழக்கில் நிலைபெற்றது. தமிழில் பிரளயம் ஊழிமுடிவைக் குறிக்கும் சமயச்சொல்லாதலின், அதனை அவ்வாறே பெயர்ப்பது மிகைப்பட்டதாகிவிடும்.

4. எல்லைக் கிளைமொழி

எல்லைச் சிற்றூர்களின் தமிழில் 'வெள்ளம்' குடிநீரைக் குறிக்கிறது. 'குடிக்க வெள்ளம் தா', 'வெள்ளம் கோரணும்' என்பன இயல்பான தொடர்கள். சூடுவெள்ளம், கஞ்சிவெள்ளம், கிணற்றுவெள்ளம் முதலிய தொகைகளும் வழங்குகின்றன. விளவங்கோட்டிலிருந்து கிழக்கே செல்லச் செல்லத் 'தண்ணி'யின் ஆட்சி மிகுகிறது. யாழ்ப்பாணத் தமிழில் நிலை வேறு. அங்கு நீர் 'தண்ணி'யே. மழைக்குப்பின் நிலத்தில் தேங்குவதும் ஓடுவதும் வெள்ளம். அதனை வெளியேற்றுவது 'வெள்ளவாய்க்கால்'. மூன்று வழக்குகளையும் ஒருங்கே நோக்கின், வெள்ளம் ஓரிடத்தில் பேரழிவாகவும் மற்றோரிடத்தில் வடிகாலுக்குரியதாகவும் வேறோரிடத்தில் குடத்திற்குரியதாகவும் இருத்தல் தெரியவரும்.

எல்லைத் தமிழின் இவ்வழக்கு மலையாளக் கடனா, பொதுமரபின் எச்சமா என்பது வினா. 'கோருதல்' போன்ற வினையோடு சேர்ந்தே வருதலும், தொகைகள் மலையாளத் தொகைகளை ஒத்திருத்தலும் தொடர்பின் வலிமையைக் காட்டுகின்றன. மறுபுறம், இச்சொல் தமிழ் வேற்றுமை உருபுகளை ஏற்றுத் தமிழ்ச்சொல்லாகவே இயங்குகிறது. அதனைப் பேசுவோர் அயற்சொல்லாக உணர்வதில்லை. எனவே மொழி எல்லையைக் கடந்து வந்த கடன் என்பதனினும், இரு மொழிகளும் பங்குகொண்ட ஒரு நிலப்பகுதியின் பொதுவழக்கு என்பதே பொருந்தும்.

5. அறிவியல், ஆட்சி வழக்கு

நீரியலில் வெள்ளம் என்பது பொருளின் பெயருமன்று, அழிவின் பெயருமன்று. ஓர் அளவுறவின் பெயர். மத்திய நீர் ஆணையம் ஆற்றின் நீர்மட்டத்தை எச்சரிக்கை மட்டம், அபாய மட்டம், அதுவரை பதிவான உச்ச வெள்ள மட்டம் என்பவற்றோடு ஒப்பிட்டு வெள்ளத்தை வகைப்படுத்துகிறது. எச்சரிக்கை மட்டத்திற்குக் கீழே எவ்வளவு நீர் ஓடினும் அது இவ்வழக்கில் வெள்ளமாகாது. தமிழ்க் கலைச்சொல்லாக்கம் வெள்ளச்சமவெளி, திடீர்வெள்ளம் என இப்பொருளையே கொண்டது.

மலையாள அறிவியல் வழக்கில் நீருக்குரிய பெயர் பெரும்பாலும் 'ஜலம்'. பாசனம் 'ஜலசேசனம்', நீர்மட்டம் 'ஜலநிரப்பு'. இதிலுள்ள 'நிரப்பு' மட்டத்தைக் குறிப்பது. தமிழ் மொழிபெயர்ப்பாளர் அதனை 'நிரப்புதல்' எனக் கொள்வாராயின் பொருள் திரியும். ஆயின் மக்களோடு நேரில் தொடர்புடைய ஆட்சிச்சொற்களில் 'வெள்ளம்' மீண்டும் தலைகாட்டுகிறது: குடிநீர் 'குடிவெள்ளம்', அதற்குரிய கட்டணம் 'வெள்ளக்கரம்'. பின்னதைத் தமிழில் 'வெள்ள வரி' என்றால் பேரிடருக்கு விதித்த வரியாகத் தோன்றும்.

மாறாக, தமிழின் 'தண்ணீர்' மலையாளச் சட்டவழக்கில் சிறப்புப்பொருள் பெற்றுள்ளது. 2008ஆம் ஆண்டின் நெல்வயல், ஈரநிலப் பாதுகாப்புச் சட்டத்தில் ஈரநிலத்தின் பெயர் 'தண்ணீர்த்தடம்'. தமிழில் அன்றாடமாக நின்றது அங்குக் கலைச்சொல்லாகவும், அங்கு அன்றாடமாக நின்றது தமிழில் கலைச்சொல்லாகவும் இடம் மாறி நிற்றல் நோக்கத்தக்கது.

6. கொச்சை வழக்கு

இரு மொழிகளும் பிரிந்த இடத்திற்குப் பின்னும் கொச்சை வழக்கில் ஒரே பாதையில் சென்றுள்ளன. தமிழில் 'தண்ணி அடித்தல்', 'தண்ணி போடுதல்', மலையாளத்தில் 'வெள்ளமடி'. மதுவுக்கு அடிமையான ஒருவரைப் பற்றி 2021இல் வெளிவந்த மலையாளத் திரைப்படத்தின் பெயரும் 'வெள்ளம்' என்பதே. குடிநீருக்கு எச்சொல் உரியதோ அச்சொல்லே மதுவின் இடக்கரடக்கலாகிறது என்பது இதனால் விளங்கும். இது இவ்விரு மொழிகளுக்கு மட்டும் உரியதன்று. 'வோட்கா' என்பது நீரைக் குறிக்கும் உருசியச் சொல்லின் சிறுமை வடிவம். 'விசுக்கி' என்பதன் மூலம் 'உயிர்நீர்' எனப் பொருள்படும் கேலிக் மொழித்தொடர்.

மரபுத்தொடர்களில் ஒற்றுமை குறைவு. மலையாளத்தில் ஒருவரை 'வெள்ளம் குடிப்பிக்குதல்' அவரை அல்லற்படுத்துவது. தமிழில் 'தண்ணி காட்டுதல்' ஏய்த்து அலைக்கழிப்பது. சட்டத்தில் 'வெள்ளம் சேர்த்தல்' என்பதைத் தமிழில் 'நீர்த்துப்போகச் செய்தல்' எனலாம். இங்கு 'நீர்' வினையடியாக நிற்பது தமிழின் தனித்தன்மை. எல்லைச் சிற்றூர் இருமொழியாளர் இவ்விரு மரபையும் சூழலுக்கேற்ப மாற்றி ஆளுகின்றனர். அவர்களிடம் 'தண்ணி' என்பது மதுவையும் 'வெள்ளம்' என்பது குடிநீரையும் குறித்துப் பகுத்துக்கொள்ளும் வாய்ப்பும் உண்டு. ஒருமொழியாளர்க்கு அவ்வாய்ப்பு இல்லை.

7. கால்வாயும் சொல்லும்

இப்பொருள் வேறுபாடு ஏட்டளவில் நிற்பதன்று. அகத்தியமலையில் தோன்றிப் பூவாறு அருகே கடலில் கலக்கும் நெய்யாற்றின் அணையிலிருந்து செல்லும் இடதுகரைக் கால்வாய், அன்றைய விளவங்கோடு வட்டத்தில் 9,200 ஏக்கர் நிலத்திற்குப் பாசனம் தருவதாக அமைந்தது. 2004இல் தமிழ்நாட்டுப் பகுதிக்கு நீர் வருவது நின்றது. 2012இல் தமிழ்நாடு அரசு உச்ச நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தது. நெய்யாறு மாநிலங்களுக்கிடைப்பட்ட ஆறு என்பது தமிழ்நாட்டின் வாதம். தோற்றம் முதல் கடல் வரை கேரளத்திலேயே ஓடும் ஆறு என்பது கேரளத்தின் வாதம்.

இத்தகைய வழக்கில் எல்லைப்புற உழவர் ஒருவர் தம் கிளைமொழியில் 'வெள்ளம் வந்து பல வருசம் ஆச்சு' என்று கூறுவதாகக் கொள்வோம். பொதுத்தமிழை மட்டும் அறிந்த மொழிபெயர்ப்பாளர் அதனைப் 'பல ஆண்டுகளாக வெள்ளப்பெருக்கு இல்லை' எனப் பெயர்ப்பாராயின், இழப்பைக் கூறும் வாய்மொழி இழப்பின்மையைக் கூறும் சான்றாகிவிடும். அவ்வாறே 'வெள்ளம் கயறும்' என்னும் மலையாள எச்சரிக்கையை 'நீர் வரும்' எனப் பெயர்த்தால், தாழ்நிலத்தில் வாழ்வோர் அதனைக் குழாய்நீர் அறிவிப்பாகக் கொள்ளவும் கூடும். 'வெள்ளம் புகும்' என்பதே உரிய பெயர்ப்பு. 1969ஆம் ஆண்டின் கேரள ஆட்சிமொழிச் சட்டம் தமிழ்ச் சிறுபான்மையினர் அரசுடன் தம் மொழியில் தொடர்புகொள்ள வழிசெய்கிறது. அவ்வழியில் எழுதப்படும் ஒவ்வொரு மனுவும் இச்சொல்லை எதிர்கொள்ளும்.

8. முடிவுரை

மேற்கண்டவற்றால் பின்வருவன பெறப்படும். ஒன்று: 'வெள்ளம்' என்பதன் பெருக்கப்பொருள் முந்தியது, நீர்ப்பொருள் தென்மேலைக் கரையின் பொருள் விரிவு. இரண்டு: எல்லைத் தமிழில் அப்பொருள் 1956க்கு முற்பட்ட பொதுவழக்கின் தொடர்ச்சி; அதனைப் பிழையெனவோ கலப்பெனவோ ஒதுக்குதல் தகாது. மூன்று: அறிவியல் வழக்கு இதே சொல்லை அளவுறவாக வரையறுப்பதால், பொது அறிவிப்புகளில் தனிச்சொல்லாக ஆளாமல் 'குடிநீர்', 'கால்வாய்நீர்', 'வெள்ளப்பெருக்கு' எனத் தெளிவுபடுத்துவது பாதுகாப்பானது. நான்கு: இருமொழி அகராதிகள் இதனை 'ஒத்த வடிவம், வேறு பொருள்' எனக் குறித்து, வட்டாரக் குறிப்பையும் தருதல் வேண்டும்.

பாறசாலைச் சந்தையில் இச்சொல்லால் குழப்பம் நேர்வதில்லை. பேசுவோர்க்கும் கேட்போர்க்கும் இடம் தெரியும், குடம் தெரியும், வானம் தெரியும். சொல் அச்சூழலை விட்டு நீங்கித் தாளில் ஏறி, மாவட்டத் தலைநகருக்கோ நீதிமன்றத்திற்கோ செல்லும்போதுதான் குழப்பம் தொடங்குகிறது. அச்சூழலையும் சொல்லோடு சேர்த்துக் கொண்டுசெல்வதே மொழிபெயர்ப்பாளரின் கடமையாகும்.